ஷூட்டிங்குக்கு நாய் தேடுகிறீர்களா? வளசரவாக்கம் அக்காவிடம் போகலாம்

சின்ன பட்ஜெட் படம் ஒன்றுக்கு புரொடக்‌ஷன் மேனேஜராக இருக்கிறேன். கதையில் ஒரு தெருநாய்க்கும் நல்ல பங்கு உண்டு. வளசரவாக்கத்தில் நாய்களைப் பழக்கி ஷூட்டிங்குக்குக் கொண்டுவரும் ஓர் அக்காவைப் பிடித்தோம். பெயரைப் பொதுவில் போடாதே என்றார். சாலிகிராமம், வடபழனிப் பக்கம் யூனிட் ஆட்களைக் கேட்டால் சொல்லிவிடுவார்கள்.

ரேட் அதிகம். மற்றவர்கள் கேட்பதைப் போல கிட்டத்தட்ட இரண்டு மடங்கு. சீன் பேப்பரை முன்கூட்டியே அனுப்பினால்தான் தேதியே தருவார். "என்ன செய்யணும்னு தெரியாம நான் எதைப் பழக்குறது தம்பி?" வில்லன் நாயை எட்டி உதைக்கும் ஷாட்டைப் படித்ததுமே கோடு போட்டு அடித்துவிட்டார். கால் தனி ஷாட், நாய் ஓடுவது தனி ஷாட், ஊளைச் சத்தம் டப்பிங்கில். எடிட்டில் ஒட்டிப் பார்த்தபோது நிஜமாகவே உதை விழுந்ததுபோல டைரக்டரே முகத்தைச் சுளித்தார்.

அசந்துபோனது 'மார்க்' விஷயத்தில்தான். ஃபோகஸ் வைத்த இடத்தில் நாய் வந்து நிற்க வேண்டுமே! ஒரு பாய்த் துண்டின் மேல் நின்றால் கையிலிருக்கும் கிளிக்கரில் (அழுத்தினால் சத்தம் போடும் சின்னக் கருவி) ஒரு 'டக்', உடனே வேகவைத்த ஈரலில் ஒரு துணுக்கு. நாய்க்கு அது பிடிபட்டதும் துண்டைக் கொஞ்சம் கொஞ்சமாக வெட்டிச் சின்னதாக்கியிருக்கிறார். செட்டுக்கு வந்தபோது அது கேரம் காய் அளவுதான் இருந்தது. மண்ணைத் தூவி மறைத்தோம்; மணி (நாயின் பெயர்) அப்போதும் முன்னங்காலை அதன் மேலேயே வைத்தது. சோகமான குளோசப்புக்கு மோவாயைத் தரையில் வைத்துப் படுக்கப் பழக்கியிருந்தார். கேமராவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து அவர் கையை மெல்ல உயர்த்த, கண் மட்டும் மேலே வந்தது. அதட்டல் இல்லை, சங்கிலி இழுப்பு இல்லை. பட்டினி போட்டு வேலை வாங்குகிற ஆட்களும் இருக்கிறார்கள். இவர் அன்றைய சாப்பாட்டிலேயே ஒரு பங்கை எடுத்து வைத்துக்கொண்டு பரிசாகக் கொடுக்கிறார்.

வெயில் ஏறிவிட்டால் தார் ரோட்டில் நாயை இறக்க மாட்டார். புறங்கையைத் தரையில் வைத்துப் பார்ப்பார், சுட்டால் பேக்கப். கேமராமேனுக்கு அதில் கடுப்பு. எனக்கும் லேசாக இருந்தது, லொக்கேஷன் வாடகை என் தலையில் அல்லவா!

விலங்குகள் நல வாரிய அனுமதிக்குத் தேவையான மருத்துவச் சான்று, தடுப்பூசிச் சீட்டு எல்லாம் ஃபைலில் தயாராக வைத்திருந்தார். நடிக்க வைக்கும் விலங்குகளுக்கான 2001ஆம் ஆண்டு விதிகள் அவருக்குத் தலைகீழ்ப் பாடம்: மயக்க மருந்து கூடாது, வெடிச்சத்தத்துக்குப் பக்கத்தில் விலங்கை நிறுத்தக் கூடாது. வாரியத்தின் தலைமையகம் திருவான்மியூரில் இருந்தவரை நேரில் போய்க் கேட்டுவிடலாம். 2018இல் அதை ஹரியானாவின் பல்லப்கருக்குக் கொண்டுபோய்விட்டார்கள். அதனால் விண்ணப்பத்தை ஷூட்டிங்குக்கு வெகு முன்பே போட்டுவிடுங்கள். கடைசி நேரத்தில் அக்காவாலும் ஒன்றும் செய்ய முடியாது.

குறை என்றால், போனை எடுக்கவே மாட்டார், வாட்ஸப்பில் வாய்ஸ் மெசேஜ்தான் போட வேண்டும். பில்லும் கையால் எழுதிய துண்டுச் சீட்டு. எங்கள் அக்கவுண்ட்ஸ் ஆள் இன்னும் அதை வைத்துக்கொண்டு என்னைத் திட்டிக்கொண்டிருக்கிறார்.