கண்ணூறில் ஓடும் யந்திரம்: மூன்றரை வருடப் பாவனைக்குப் பிறகு

2022 மார்ச் கடைசியில் கொழும்பில் ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம் கரண்ட் இல்லை. அந்த வாரம்தான் புறக்கோட்டையில் ஒரு குறுக்குத் தெருக் கடையில் இதை வாங்கினேன். ஜெனரேட்டர் வாங்கினால் ஊற்ற டீசல் இல்லை. பற்றரி வாங்கினால் சார்ஜ் ஏறும் அளவுக்குக் கரண்ட் நிற்பதில்லை. கடைக்காரர் மேசைக்குக் கீழிருந்து ஒரு பித்தளைப் பெட்டியை எடுத்து வைத்தார். "இதுக்கு ஒண்டும் ஊத்தத் தேவையில்லை தம்பி, ஆக்கள் பாத்தால் போதும்." விலை 48,000 ரூபா. காலையிலிருந்து காஸ் கியூவில் நின்றுவிட்டு வந்தவனிடம் அன்றைக்கு எதையும் விற்றிருக்கலாம்.

பெட்டி இட்லிச் சட்டி அளவு. மேலே ஒரு கருங்கல் உருண்டை, அதைச் சுற்றிச் சோகிகள், முன்பக்கம் வாட் காட்டும் முள், அடியில் உப்பும் செத்தல் மிளகாயும் போடும் தட்டு, பின்னால் 13 அம்பியர் பிளக் ஒன்று. வீட்டின் மேல் விழும் கண்ணூறைக் கல் இழுக்கிறது, உப்பு பிடித்து வைக்கிறது, உள்ளே இருக்கும் சின்ன இன்வேர்ட்டர் அதை 230 வோல்ட்டாக்கித் தருகிறது. யந்திரம் என்று நான் சொன்னதைக் கேட்டு, அம்மா செப்புத் தகடு யந்திரம் என்று நினைத்துச் சாமி அறையில் வைத்துப் பூவும் வைத்துவிட்டார். முதல் நாள் முழுக்க முள் அசையவே இல்லை.

அடுத்த நாள் பால்கனிக்கு மாற்றினேன். நாங்கள் வெள்ளவத்தையில் கடல் பக்கமாக மூன்றாம் மாடி. பின்னேரம் கரண்ட் போனதும் 14 வாட் வந்தது. ஒரு எல்.ஈ.டி. பல்ப் எரிய அது போதும். ஒழுங்கை முழுக்க இருட்டு, எங்கள் ஜன்னலில் மட்டும் வெளிச்சம். கீழே நடந்து போகிறவர்கள் நின்று அண்ணாந்து பார்த்தார்கள். முள் 40க்குப் போனது. ஃபேனைப் போட்டேன். ஃபேன் சுற்றுவதைப் பார்த்ததும் 70. நாலாம் நாள் 180 வாட்டில் ஃபேன், பல்ப், ரவுட்டர் மூன்றும் ஓடின. பார்க்கப் பார்க்கக் கூடுகிறது, கூடக் கூடப் பார்க்கிறார்கள். கல்லடி பட்டாலும் கண்ணடி படக் கூடாது என்று சொல்லி வளர்த்த வீட்டில் கண்ணடியில் ஃபேன் போட்டுத் தூங்கினோம்.

இனம் மதம் பார்க்காத சாமான் என்பதையும் சொல்ல வேண்டும். மேல்மாடிச் சிங்களக் குடும்பம் இதை 'ஏஸ்வஹ' என்கிறது. பக்கத்து ஒழுங்கை முஸ்லிம் ஆட்களும் எங்களைப் போலவே கண்ணூறு என்கிறார்கள். யார் பார்த்தாலும் முள்ளுக்கு ஒன்றுதான். ஆனால் கூட்டம் இருந்தால் போதும் என்று நினைக்க வேண்டாம். ஆடிவேல் தேர் காலி வீதியால் வந்த நேரம் பெட்டியைக் கொண்டுபோய் வீதியோரக் கடை வாசலில் வைத்துப் பார்த்தேன். அவ்வளவு சனத்துக்கும் பூச்சியம். எல்லாக் கண்ணும் வேலில் இருந்தது.

முதல் பழுது ஏப்ரலில். எதிர் ஃபிளாட் அன்டியின் கணவருக்கு நெஞ்சுச் சளி, ஃபேன் இல்லாமல் தூங்க முடியவில்லை. அம்மா என்னைக் கேட்காமலே கதவுக்குக் கீழால் எக்ஸ்டென்ஷன் வயரை இழுத்துக் கொடுத்துவிட்டார். அன்டி எங்கள் வாசலில் வந்து நின்று, "நல்லா இருக்கோணும் தம்பி, பிள்ளை குட்டியோட நல்லா இருக்கோணும்" என்றார். பால்கனியிலிருந்து கிர்ர் என்று ஒரு சத்தம். போய்ப் பார்த்தால் முள் 150இலிருந்து பூச்சியத்துக்குக் கீழே போய், அந்தப் பக்கத்து ஆணியில் முட்டிக்கொண்டு நிற்கிறது. இரண்டு வீட்டு ஃபேனும் நின்றுவிட்டது. கடைக்குப் போன் எடுத்தேன். வாழ்த்து என்பது எதிர் மின்னாம், உத்தரவாதத்தில் அடங்காதாம். அந்த வார்த்தையை வாங்குவதற்கு முன்னே சொல்லியிருக்கலாம். பிறகு மற்ற வீடுகளும் போன் சார்ஜ் பண்ண வரத் தொடங்கின. எல்லாரும் நன்றி சொல்லிவிட்டுத்தான் போனார்கள். மே மாதம் 25 வாட்டுக்கு மேல் கண்டதில்லை.

பராமரிப்பு பெரிய வேலையில்லை. அமாவாசைக்கு அமாவாசை உப்பு மாற்ற வேண்டும் என்கிறார்கள். வெள்ளவத்தைக் கடல் காற்றுக்கு நாலு நாளிலேயே நீர் விட்டுவிடும். பித்தளையில் களிம்பு பிடித்தால் பழப்புளி போட்டுத் தேய்க்கலாம், கல்லில் மட்டும் புளி படக் கூடாது. சார்ஜ் இருக்கிறதா என்று பார்க்கத் தட்டில் ஒரு மிளகாயைக் கருக்கினால் போதும். நெடி வராவிட்டால் நிறைய இருக்கிறது. வீடே இருமினால் காலி. (அன்று இரவு மண்ணெண்ணெய் விளக்குத்தான்.)

உண்மையான பிரச்சினை வெள்ளிக்கிழமைகள். அம்மா வெள்ளிக்கிழமை பின்னேரம் நாவூறு கழிப்பதை விடமாட்டார். உப்பும் மிளகாயும் எடுத்து மூன்று தரம் சுற்றி அடுப்பில் போட்டால் ஞாயிறு வரைக்கும் யந்திரம் செத்த மாதிரி. 2023இல் மகள் பிறந்து 31ஆம் நாள் வீடு நிறையச் சொந்தக்காரர். முள் 260 வாட்டைத் தொட்டது, நான் வாங்கியதிலிருந்து அதுதான் உச்சம். அம்மா முள்ளைப் பார்த்தார், தொட்டிலைப் பார்த்தார், "உனக்கு லைட் பெருசா, பிள்ளை பெருசா?" என்று கேட்டு முழுத் தட்டையும் குப்பையில் கொட்டிவிட்டார். அதற்குப் பிறகு ஒரு உடன்பாடு. சுற்றிய உப்பு மிளகாய் அடுப்புக்குப் போகாது, யந்திரத் தட்டுக்கு வரும். முதல் வெள்ளி அப்படிப் போட்டதும் ட்ரிப் ஸ்விட்ச் விழுந்தது. இப்போது பாதிப் பாதியாகப் போடுகிறோம்.

பில் குறையும் என்று யாரும் வாங்க வேண்டாம். 2022 ஓகஸ்டில் மின்கட்டணத்தைச் சராசரியாக 75 வீதமும் 2023 பெப்ரவரியில் 66 வீதமும் கூட்டினார்கள். நானும் அதை நம்பித்தான் வைத்திருந்தேன். ஆனால் எல்லா வீட்டிலும் லைட் எரியும்போது எங்கள் பல்பை யார் பார்ப்பார்கள்? மாதம் நாலைந்து யூனிட் மிச்சம், அவ்வளவுதான். 2025 பெப்ரவரி 9, பாணந்துறை உபமின்நிலையத்தில் குரங்கு பாய்ந்து நாடு முழுக்கக் கரண்ட் போன ஞாயிற்றுக்கிழமை, பழைய நாள் திரும்பிவிட்டது என்று ஓடிப்போய்ப் பெட்டியைத் துடைத்து வைத்தேன். 7 வாட். ஒழுங்கையில் பாதிப் பேரிடம் இன்வேர்ட்டர் இருக்கிறது. மிச்சப் பேர் குரங்கு மீம் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

விற்கவில்லை. மகளின் அறையில் இரவு விளக்குக்கு விட்டிருக்கிறேன், 3 வாட் எப்படியும் வருகிறது. எங்கிருந்து வருகிறது என்று அம்மா மச்சாளைச் சந்தேகிக்கிறார்.

போன மாதம் எதிர் ஃபிளாட் அன்டியும் இதே மாதிரி ஒன்றைப் பழசாக வாங்கியிருக்கிறார், புது மொடல், இரண்டு பிளக். பால்கனியில் வைத்து ஒரு டேபிள் ஃபேன் போட்டிருக்கிறார், நல்ல வேகத்தில் சுற்றுகிறது. நான் உடுப்புக் காயப் போடும்போதுகூட அந்தப் பக்கம் திரும்புவதில்லை. மனைவிக்கும் சொல்லி வைத்திருக்கிறேன்.