மேலூர்த் தரிசில் பவர்டு பாராசூட்: இன்ஜினை விடத் துணியைப் பாருங்கள்

பவர்டு பாராசூட், அதாவது சிறகு போன்ற பாராசூட்டைத் தலைக்கு மேலே கட்டி இன்ஜினால் தள்ளிப் பறக்கிற சக்கர வண்டி, வாங்கலாம் என்று இருப்பவர்கள் என்னிடம் முதலில் கேட்பது இன்ஜினைப் பற்றித்தான். எத்தனை குதிரைத்திறன், எவ்வளவு பெட்ரோல் குடிக்கும், உதிரிபாகம் கிடைக்குமா? நியாயமான கேள்விகள்தான். ஆனால் மேலூருக்கு வடக்கே கொட்டாம்பட்டிப் பக்கத்துத் தரிசில் நண்பர்கள் மூன்று பேர் சேர்ந்து இதைப் பல வருடங்களாக ஓட்டி வருகிறோம். அந்த அனுபவத்தில் சொல்கிறேன், இங்கே பறப்பது தலைக்கு மேலே இருக்கிற துணி. கீழே இருக்கிற வண்டி அதைத் தள்ளிக்கொண்டு போகிறது, அவ்வளவுதான்.

எங்களுடையது மூன்று சக்கர வண்டி. முன்னும் பின்னுமாக இரண்டு பேர் உட்காரலாம். பின்னால் ரோடாக்ஸ் 582 இன்ஜின், சுமார் 65 குதிரைத்திறன். மேலே 500 சதுர அடி விங், அதாவது அந்தத் துணிச் சிறகு. இரண்டாம் கையாக வாங்கியது. முதுகில் மாட்டிக்கொண்டு ஓடிப் பறக்கிற பாராமோட்டாரையும் இதையும் பலர் குழப்பிக்கொள்கிறார்கள். அதில் கையில் இருக்கும் பிடியை இழுத்துத் திருப்ப வேண்டும். இதில் காலால் கம்பியை மிதித்தால் விங்கின் பின்விளிம்பு அந்தப் பக்கம் இறங்கி வண்டி திரும்பும்.

ஓட்டுவது உண்மையிலேயே எளிது. வேகத்தைக் கூட்டவும் குறைக்கவும் வழி கிடையாது, ஏறக்குறைய மணிக்கு 50 கிலோமீட்டர்தான். இன்ஜினை முடுக்கும் த்ராட்டிலைக் கூட்டினால் மேலே ஏறும், குறைத்தால் இறங்கும். வண்டியின் எடை ஊசல் போல விங்குக்கு வெகு கீழே தொங்குவதால் சாய்ந்தாலும் தானாகவே நேராகிவிடும். இன்ஜின் நின்றுபோனாலும் விங் காற்றில் விறைப்பாகவே இருக்கும். ஒரு மீட்டர் இறங்குவதற்குள் சுமார் நான்கு மீட்டர் முன்னே போகும். தரையைத் தொடுவதற்குச் சற்று முன்னால் இரண்டு கம்பியையும் சேர்த்து மிதித்தால் மெதுவாக உட்காரும். கவனம் முழுக்கத் தேவைப்படுவது கிளம்பும்போதுதான். பின்னால் விரித்த விங் எழும்பி, நேராக உச்சிக்கு வந்து, துணியில் தைத்த எல்லா அறைகளிலும் காற்று நிரம்பி, லைன் (விங்கையும் வண்டியையும் இணைக்கும் கயிறு) எதுவும் சிக்காமல் இருக்கிறது என்று கண்ணாடியில் பார்த்த பிறகுதான் முழு த்ராட்டில் கொடுக்க வேண்டும். சரியில்லை என்றால் அங்கேயே இன்ஜினை அணைத்துவிட வேண்டும்.

துணி எப்படிச் சிறகாக மாறியது என்பது எனக்குப் பிடித்த வரலாறு. 1783-ல் பிரான்சின் மோன்பெலியே நகரத்தில் லெனோர்மான் ஒரு கோபுரத்தில் இருந்து பாராசூட்டோடு குதித்துக் காட்டினார். 1797 அக்டோபர் 22 அன்று பாரிஸில் கார்னெரின் பலூனில் மேலே போய், கயிற்றை அறுத்துக்கொண்டு இறங்கினார். குடைக்குள் அடைபட்ட காற்று ஒரு பக்கமும் மறுபக்கமுமாக வழிந்து, அவர் இறங்கும் வரை கூடை பயங்கரமாக ஆடியது. உச்சியில் ஓட்டை வைத்தால் ஆட்டம் குறையும் என்பது அதற்குப் பிறகுதான் நடைமுறைக்கு வந்தது. ஆனாலும் வட்டப் பாராசூட் விழுவதை மெதுவாக்குமே தவிர, முன்னால் பறக்காது. அதற்கு எவ்வளவு பெரிய இன்ஜினை மாட்டினாலும் பயன் இருந்திருக்காது.

திருப்பம் வந்தது பட்டம் செய்கிற ஒருவரால். கனடாவில் பிறந்து அமெரிக்காவில் பட்டமும் பலூனும் செய்துவந்த டோமினா ஜால்பெர்ட், 1964-ல் பாராஃபாயிலை உருவாக்கினார். இரண்டு அடுக்குத் துணி, நடுவே அறை அறையாகப் பிரிக்கும் தடுப்புத் துணிகள், முன்பக்கம் திறந்த வாய். ஓட்டத்தில் புகும் காற்றே துணியை விமானச் சிறகின் வடிவத்துக்கு உப்ப வைக்கும். கம்பி இல்லை, சட்டம் இல்லை. எங்கள் விங்கைத் தரையில் விரித்து வாய்ப்பக்கம் குனிந்து பார்த்தால் அதே அறைகள்தான், அறைகளுக்கு இடையே காற்றுப் போய்வர அதே மாதிரி ஓட்டைகள்தான். அமெரிக்காவின் நாட்டர்டேம் பல்கலைக்கழகத்தில் ஜான் நிக்கோலைட்ஸ் குழு இதைச் சோதித்தது. அறுபதுகளிலேயே அதற்கு இன்ஜினும் மாட்டிப் பறந்து பார்த்தார்கள். ஆனாலும் சாதாரண மனிதர் வாங்கி ஓட்டுகிற வண்டியாக அது வந்தது 1983-ல், ஸ்டீவ் ஸ்னைடர் குழுவினர் கொண்டுவந்த பாராபிளேன் மூலம். அதில் இரண்டு சிறு இன்ஜின்கள், எதிரெதிர்த் திசையில் சுற்றும் இரண்டு புரொப்பெல்லர்கள். ஒன்று வண்டியை முறுக்கப் பார்த்தால் மற்றது அதைச் சரிக்கட்டிவிடும். எங்கள் வண்டியில் ஒரே புரொப்பெல்லர் என்பதால் முழு த்ராட்டிலில் ஒரு பக்கம் இழுப்பதை நன்றாகவே உணரலாம்.

விண்வெளி நிலையத்தில் இருந்து வீரர்களை அவசரமாகக் கீழே கொண்டுவர நாசா சோதித்த எக்ஸ்-38 கலத்துக்கு 7,500 சதுர அடி பாராஃபாயில் வைத்தார்கள். எங்கள் விங்கைப் போல 15 மடங்கு! நம் நாட்டிலும் ஆக்ராவில் இருக்கும் ஏடிஆர்டிஇ என்ற பாதுகாப்புத் துறை ஆய்வகம், 500 கிலோ வரை சரக்கைக் குறித்த இடத்தில் தானாகப் போய் இறக்கும் அமைப்பை இதே வகைப் பாராசூட்டில்தான் செய்திருக்கிறது. இந்தப் பெரிய வேலைகளிலும் நம்பப்படுவது அந்தத் துணிதான்.

அதே துணிக்கு எங்கள் ஊரில் என்ன நடக்கிறது என்பதுதான் நான் முக்கியமாகச் சொல்ல வந்தது.

முதல் எதிரி வெயில். விங் நைலான் துணி. மேலே காற்றுப் புகாத பூச்சு. இரண்டையுமே புற ஊதாக் கதிர் தின்றுவிடும். சில நூறு மணி நேர வெயிலே அதன் ஆயுள். பறக்கிற நேரம் மட்டுமல்ல, விரித்துப் போட்டுவிட்டு டீ குடிக்கிற நேரமும் இந்தக் கணக்கில் சேரும். இந்தத் தேய்மானம் கண்ணுக்குத் தெரியாது. சில வருடங்களில் எங்கள் வண்டிக்கு ஒரே உயரத்தில் பறக்கவே முன்பைவிட அதிக ஆர்பிஎம் (இன்ஜின் நிமிடத்துக்குச் சுற்றும் சுற்று) தேவைப்பட்டது. விங்கும் உச்சிக்கு வராமல் பின்னாலேயே தயங்கி நின்றது. மெக்கானிக் கார்புரேட்டரைக் கழற்றிச் சுத்தம் செய்தார், பிளக் மாற்றினார், மாற்றம் இல்லை. லாக் புக்கில் ஆர்பிஎம் குறிப்பு எழுதி வைக்கிற வழக்கம் இருந்ததால், அது திடீரென்று அல்ல, மாதக்கணக்கில் கொஞ்சம் கொஞ்சமாக ஏறியிருந்தது தெரிந்தது. துணியைச் சோதனைக்கு அனுப்பினோம். குறிப்பிட்ட அளவு காற்று துணி வழியாகக் கசிய எத்தனை விநாடி ஆகிறது என்று கருவி வைத்து அளப்பார்கள். மேல்துணி, அதிலும் முன்விளிம்பு ஓரம், வடிகட்டி ஆகிவிட்டிருந்தது. புது விங் போட்ட அன்று ஆர்பிஎம் பழைய நிலைக்கு இறங்கியது. அன்று இன்ஜினில் நாங்கள் கை வைக்கவே இல்லை.

அடுத்தது சீமைக்கருவேல முள். இந்தப் பக்கத்துக் கண்மாய், தரிசு எல்லாவற்றிலும் இருக்கிறது. வெட்டிச் சுத்தம் செய்த இடத்திலும் காய்ந்த முள் மண்ணோடு கலந்து கிடக்கும். விங்கை விரிக்கும் முன் அந்த இடத்தைப் பெருக்குகிறோம், பெரிய தார்பாய் போடுகிறோம். சின்னக் கிழிசலுக்கு ஒட்டும் ரிப்ஸ்டாப் (கிழிசல் பரவாத துணி) நாடா போதும். பெரிதாக இருந்தால் தயாரிப்பாளரிடம்தான் போக வேண்டும். மதுரைப் புது மண்டபத்தில் இருந்து குன்னத்தூர் சத்திரத்துக்கு மாறிய தையல்காரர்கள் சித்திரைத் திருவிழாவுக்கு அழகர் வேட உடுப்புத் தைக்கிற நேர்த்தியை நான் ரசித்துப் பார்த்திருக்கிறேன். ஆனால் விங் தையலில் ஊசியின் அளவு, நூலின் வலு, மடிப்பின் அகலம் எல்லாமே கணக்கு. நல்ல தையல்காரர் என்பதற்காக அதை அவர்களிடம் கொடுக்கக் கூடாது.

மார்கழி, தை மாதங்களில் காற்று அமைதியாக இருக்கும், பறக்க அருமையான காலை நேரங்கள். ஆனால் பனி இறங்கிப் புல் நனைந்திருக்கும். ஈர விங் கனக்கும், எழும்பத் தயங்கும், ஈரத்தோடு மடித்து வைத்தால் பூஞ்சை பிடிக்கும். நிழலில் உலர்த்தி, தளர்வாக மடித்து, பைக்குள் வெட்டுக்கிளி ஏதும் சிக்கியிருக்கிறதா என்று பார்த்த பிறகே கட்டுகிறோம். உள்ளே மாட்டிய பூச்சி வெளியே வரத் துணியைக் கடித்து ஓட்டை போடும். எலிக்குப் பயந்து பையைக் கொட்டகை விட்டத்தில் தொங்கவிடுகிறோம்.

ஆனி, ஆடியில் மேல்காற்று தொடங்கிவிட்டால் வண்டியை எடுப்பதே இல்லை. எதிர்க்காற்று 40 கிலோமீட்டர் என்றால் 50-ல் போகிற வண்டி தரையைப் பொறுத்தவரை ஊர்ந்துதான் போகும். நாங்கள் 15 கிலோமீட்டருக்கு மேல் காற்று இருந்தாலே கிளம்ப மாட்டோம். நிலத்துக்காரர் எங்களுக்கு முன்பே எழுந்து வானம் பார்த்திருப்பார். “அண்ணே, பனை ஓலை சலசலங்குது. இன்னிக்கு வேணாண்ணே” என்றால் வேண்டாம்தான். பங்குனி, சித்திரையில் காலை எட்டரை, ஒன்பது மணிக்கெல்லாம் தரை சுட்டு, அனல் காற்று மேலே கிளம்பி விங்கைத் தூக்கிப் போடும். அதற்கு முன் இறங்கிவிட வேண்டும்.

மேலூர் வட்டாரத்தில் கிரானைட் குவாரிப் பள்ளங்கள் அதிகம், ஆழத்தில் தண்ணீரும் நிற்கும். இன்ஜின் நின்றால் இறங்க இடம் இருக்காது என்பதால் அவற்றின் மேல் பறப்பதே இல்லை. ஈபி கம்பி மேலிருந்து பார்த்தால் தெரியாது. கம்பத்தைத் தேடிப் பார்த்துப் பழக வேண்டும். தை மாதம் மஞ்சுவிரட்டுக்கு மாடு பழக்குகிற ஊர்ப்பக்கம் போக மாட்டோம். டூ ஸ்ட்ரோக் சத்தத்தில் மாடு மிரண்டால் கயிறு பிடித்திருப்பவருக்கு ஆபத்து. ஓடிவரும் பிள்ளைகளைப் புரொப்பெல்லரில் இருந்து தள்ளி நிறுத்த ஒருவர் கட்டாயம் தரையில் இருக்கிறார்.

இன்ஜின் பற்றியும் சொல்லிவிடுகிறேன். பெட்ரோலில் 50-க்கு 1 ஆயில், மணிக்கு 15 முதல் 20 லிட்டர் வரை செலவு. எத்தனால் கலந்த பெட்ரோல் ஈரத்தை இழுக்கும் என்பதால் மீதியைத் தொட்டியில் விடாமல் வடித்துவிடுகிறோம். முறையாகப் பார்த்தால் தொந்தரவு தராது.

2022-ல் வந்த தேசிய வான் விளையாட்டுக் கொள்கை, பாராமோட்டார் பிரிவிலேயே பவர்டு பாராசூட்டையும் சேர்த்திருக்கிறது. ஆளும் கருவியும் பதிவாக வேண்டும். அவனியாபுரம் பக்கம் விமான நிலையம் இருப்பதால் மதுரையைச் சுற்றி நினைத்த இடத்தில் எல்லாம் பறக்க முடியாது. எந்த வான்பகுதியில் யாரிடம் அனுமதி வாங்க வேண்டும் என்பதைப் பயிற்சியின்போதே கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

பழைய வண்டி வாங்கப் போனால், விற்பவர் இன்ஜினை ஸ்டார்ட் செய்து காட்டுவார். நன்றி சொல்லிவிட்டு, விங்கைக் காட்டச் சொல்லுங்கள். அதிகாலையில் தரையிலேயே எழுப்பிக் காட்டட்டும். தானாக உச்சிக்கு வருகிறதா, பின்னால் தொங்குகிறதா என்று பாருங்கள். மேல்துணியில் வாய் வைத்து ஊதுங்கள். காற்று மறுபக்கம் போனால் அந்த விங்குக்கு விலையே கிடையாது. எத்தனை மணி நேரம் பறந்தது, எங்கே வைத்திருந்தார், காற்றுக்கசிவு எப்போது அளந்தார், லைன் எப்போது மாற்றினார் என்று கேளுங்கள். தாள் இல்லாமல் வாய்ப்பேச்சு மட்டும் என்றால், புது விங்கின் விலையைக் கழித்துக்கொண்டுதான் பேரம் பேச வேண்டும்.