சுவிசேஷத்த ஆராய ஃபார்ம், ரெடாக்‌ஷன், நேரேட்டிவ்: மூணுல என் ஓட்டு எதுக்கு

எங்க சபை பைபிள் ஸ்டடியில மாற்கையும் மத்தேயுவையும் சேத்து படிக்கலாம்னு பேச்சு வந்தப்போ, எந்த ஆய்வு முறைய வச்சு நடத்துறதுன்னு நான்தான் முடிவு பண்ண வேண்டியிருந்துச்சு. செமினரி பக்கம் போனா ஏகப்பட்ட கிரிட்டிசிசம், அதாவது ஆய்வு முறை, பேரு சொல்லுவாங்க, ஆனா சுவிசேஷம்னு வரும்போது கடைசியில மூணு முறைக்குள்ளதான் போட்டி: ஃபார்ம், ரெடாக்‌ஷன், நேரேட்டிவ். நான் ரெடாக்‌ஷன் பக்கம், அதாவது ஒரு சுவிசேஷகர் தன் கையில இருந்த மூலத்த எப்படி மாத்துனார்னு பாக்குற முறை பக்கம், சாஞ்சுட்டேன், ஏன்னு கொஞ்சம் நீட்டியே சொல்றேன்.

சோர்ஸ் கிரிட்டிசிசத்த, அதாவது எந்த நூல் எத மூலமா வச்சு எழுதப்பட்டதுன்னு பாக்குற முறைய, தனியா ஒரு போட்டியாளரா நான் எடுத்துக்கல, ஏன்னா மத்த எல்லாத்துக்கும் அதுதான் அடித்தளம். மாற்குல இருக்குற 661 வசனத்துல ஏறக்குறைய 600 வசனத்தோட விஷயம் மத்தேயுலயும் வருது, அதனால மாற்கு முதல்ல எழுதப்பட்டது, மத்தேயுவும் லூக்காவும் அத கையில வச்சுக்கிட்டு எழுதுனாங்கன்னு பெரும்பாலான அறிஞர்கள் ஒத்துக்குறாங்க. நானும் அங்கிருந்துதான் ஆரம்பிக்கிறேன்.

ஃபார்ம் கிரிட்டிசிசம் 1919ல ஜெர்மன் அறிஞர்கள் கார்ல் லுட்விக் ஷ்மிட், மார்ட்டின் டிபேலியுஸ், அப்புறம் 1921ல ருடால்ஃப் புல்ட்மான்னு வரிசையா கிளம்புனது. எழுத்துக்கு வர்றதுக்கு முன்னாடி வாய்வழியா தனித்தனி துணுக்கா சுத்திக்கிட்டு இருந்த கதைகள், நூல்ல கோத்த மணி மாதிரி பின்னாடி சேக்கப்பட்டதுன்னு சொல்றாங்க, ஒவ்வொரு துணுக்கும் ஆதி சபையோட எந்த தேவைக்காக சொல்லப்பட்டதுன்னு கேக்குறாங்க. கேள்வி அருமையான கேள்வி. ஆனா பதில எப்படி சரிபாக்குறது? மாற்கு 2ல சீஷர்கள் ஓய்வுநாள்ல கதிர் கொய்யுறாங்க, பரிசேயர் சண்டைக்கு வர்றாங்க. குற்றச்சாட்டு இயேசு மேல இல்ல, சீஷர்கள் மேல, அதனால இது ஆதி சபை தன்னோட ஓய்வுநாள் பழக்கத்த நியாயப்படுத்த உருவாக்குனதுன்னு புல்ட்மான் சொல்றார். இருக்கலாம். இல்லாமலும் இருக்கலாம், சீஷன் செஞ்சதுக்கு குருவ கேக்குறது எந்த ஊர்லயும் நடக்குறதுதான. அந்த வாய்வழிக் கட்டம் நம்ம யார் கையிலயும் இல்ல, அப்போ எந்தப் பக்கம் நிக்கிறதுன்னு எத வச்சு முடிவு பண்றது?

இங்கதான் என்னோட ஒரே அளவுகோல் வருது. ஒரு முறை சொல்ற முடிவ, மேஜைய சுத்தி உக்காந்திருக்குற சாதாரண ஆளு தன் பைபிள தொறந்து தானே சரிபாக்க முடியணும். கிரேக்கம் தெரிஞ்ச ஒருத்தர் சொல்லிட்டாருன்னு தலையாட்டுற நிலைமை வரக்கூடாது. ஆழம், புதுமை, நாகரிகம் எல்லாம் எனக்கு இதுக்கு அப்புறம்தான்.

ரெடாக்‌ஷன் கிரிட்டிசிசம் இதுல நேரா ஜெயிக்குது. 1948ல ஜெர்மன் அறிஞர் குந்தர் போர்ன்காம் ஒரு சின்ன கட்டுரையில மத்தேயு 8ல வர்ற புயல் கதைய எடுத்தார். ரெண்டு பைபிள பக்கத்துல பக்கத்துல வையுங்க. மாற்கு 4ல சீஷர்கள் "போதகரே, நாங்கள் மடிந்துபோகிறது உமக்குக் கவலையில்லையா"ன்னு கோவமா கேக்குறாங்க, மத்தேயுல அது "ஆண்டவரே, எங்களை இரட்சியும்"னு ஜெபமா மாறிடுது. மாற்குல இயேசு முதல்ல காத்த அடக்கிட்டு அப்புறம் அவங்கள கண்டிக்கிறார், மத்தேயுல அலை அடிச்சுக்கிட்டு இருக்கும்போதே "அற்பவிசுவாசிகளே"ன்னு கண்டிச்சுட்டு அதுக்கப்புறம் அடக்குறார். இன்னொன்னு, மத்தேயுல இந்த கதைக்கு சரியா முன்னாடி என்ன இருக்கு? உம்மைப் பின்பற்றி வருவேன்னு ஒருத்தன், முதல்ல என் தகப்பன அடக்கம் பண்ணிட்டு வர்றேன்னு இன்னொருத்தன். மாற்குல அந்த இடத்துல இது கிடையாது. ஆக மத்தேயு இந்த கதைய வெறும் அற்புதமா சொல்லல, இயேசுவ பின்பற்றுறவனுக்கு புயல் வந்தா என்னன்னு தன் சபைக்கு பிரசங்கம் பண்றார்னு போர்ன்காம் காட்டுனார். இதுல ஒரு படி கூட மறைவா நடக்கல, எல்லாமே பக்கத்துல இருக்கு.

ஒரு இடத்த வச்சு மட்டும் நான் நம்பிடல, வித்தியாசம் தற்செயலாவும் இருக்கலாம். அடுத்ததுக்கு போங்க. இயேசு கடல்மேல நடக்குற கதை, மாற்கு 6 முடியும்போது சீஷர்களோட இருதயம் கடினமா இருந்துச்சு, கொஞ்சம் முன்னாடி அப்பம் பெருகுன அற்புதத்த பத்தி அவங்க உணரலன்னு முடியுது. மத்தேயு 14ல அதே படவுல அவங்க "மெய்யாகவே நீர் தேவனுடைய குமாரன்"னு பணிஞ்சுக்குறாங்க. அப்புறம் வலது பக்கமும் இடது பக்கமும் உக்காரணும்னு கேக்குற கதை: மாற்கு 10ல யாக்கோபும் யோவானும் தாங்களே கேக்குறாங்க, மத்தேயு 20ல அவங்க அம்மா வந்து கேக்குறாங்க. ஆனா இயேசு பதில் சொல்லும்போது "நீங்கள் கேட்டுக்கொள்ளுகிறது இன்னது என்று உங்களுக்குத் தெரியவில்லை"ங்குறார், "கூடும்"னு பதில் சொல்றதும் பசங்கதான், அம்மா அதுக்கப்புறம் பேசவே இல்ல. பழைய வடிவத்தோட தடம் அப்படியே உள்ள கெடக்குது. எங்க குரூப்ல இந்த இடத்த எந்த விளக்கமும் சொல்லாம வாசிக்க சொன்னேன், அவங்களே கண்டுபிடிச்சாங்க. இத விட பெரிய சிபாரிசு எனக்கு தெரியல.

ஃபார்ம் கிரிட்டிசிசத்தோட ஒரு நம்பிக்கைய கூட இதே ஒப்பீடு ஆட்டிடுது. பேரு, சின்ன விவரமெல்லாம் கதை கைமாற கைமாறத்தான் வந்து ஒட்டும்னு புல்ட்மான் நெனச்சார். ஆனா யவீரு மகள் கதை மாற்கு 5ல 23 வசனம், மத்தேயு 9ல வெறும் 9 வசனம், யவீருங்குற பேரும் போச்சு, பொண்ணோட வயசும் போச்சு, நடுவுல வர்ற பெரும்பாடுள்ள பொண்ணு வைத்தியர்கள் கிட்ட செலவழிச்ச கதையும் போச்சு. 1969ல ஈ. பி. சாண்டர்ஸ் இத முறையா சோதிச்சு, மரபு ரெண்டு திசையிலயும் போகும், நீளவும் செய்யும் சுருங்கவும் செய்யும்னு காட்டிட்டார்.

இப்போ ரெடாக்‌ஷன்ல இருக்குற ஆபத்தையும் சொல்லிடணும். மாத்துனத மட்டும் பாத்துட்டு, மாத்தாம விட்டதுல மத்தேயுவுக்கு அக்கறையே இல்லங்குற மாதிரி பேச ஆரம்பிச்சிடுவோம், அது தப்பு, வச்சுக்கிட்டதும் அவர் தேர்வுதான். சீஷர்கள நல்லவங்களா காட்டுறார்னு ஒரு விதிய போட்டுட்டு மத்தேயு 16க்கு போனா, பேதுருவ "சாத்தானே"ன்னு கண்டிக்கிறத அவர் நீக்கவே இல்ல, நீ எனக்கு இடறலா இருக்கன்னு கூடவும் சேக்குறார். அத நீக்குனது லூக்காதான். இன்னொன்னு, எல்லாமே மாற்கு முதல்லங்குறத நம்பி நிக்குது. 1964ல வில்லியம் ஃபார்மர் மத்தேயுதான் முதல்லன்னு பழைய வாதத்த திரும்ப எழுப்புனார், அவர் சரின்னா வித்தியாசங்கள் அப்படியே இருக்கும் ஆனா யார் யார மாத்துனாங்கங்குற அம்புக்குறி திரும்பிடும். அந்த அம்மா விஷயம் மாதிரி தடங்கள பாக்கும்போது எனக்கு மாற்கு முதல்லன்னுதான் படுது.

நேரேட்டிவ் கிரிட்டிசிசம் 1980கள்ல வந்தது, 1982ல டேவிட் ரோட்ஸும் டொனால்ட் மிக்கியும் மாற்குக்கு செஞ்சாங்க, அடுத்த வருஷம் ஆலன் கல்பெப்பர் யோவானுக்கு. மூலம் எது, யார் மாத்துனாங்கன்னு எதையும் கேக்காம கதைய கதையா படிக்கிறது. இதுவும் என் அளவுகோல்ல பாஸ்தான், அத மறைக்க மாட்டேன். மாற்கு 8ல குருடனுக்கு ரெண்டு கட்டமா பார்வை வருது, 10 கடைசியில பர்திமேயுவுக்கு பார்வை வருது, இது ரெண்டுக்கும் நடுவுல இயேசு மூணு தடவ தன் மரணத்த சொல்றார், மூணு தடவையும் சீஷர்களுக்கு கண்ணு தெரியல. பேதுரு கடிஞ்சுக்குறான், யார் பெரியவன்னு சண்டை, அப்புறம் அந்த வலது இடது சீட்டு. யாரும் தொறந்து பாக்கலாம். மாற்குக்கு மட்டும்னா நேரேட்டிவ்தான் நல்லதுன்னு நானே சொல்வேன், ஏன்னா மாற்கோட மூலம் நம்ம கிட்ட இல்ல, வில்லி மார்க்ஸன் 1956ல மாற்குக்கு ரெடாக்‌ஷன் செஞ்சது பாதி ஊகமாவே போயிடுது. ஆனா நேரேட்டிவ்ல ரெண்டு பேர் ரெண்டு அர்த்தம் சொன்னா அத தீர்க்க வெளிய ஒன்னும் இருக்காது, ரெடாக்‌ஷன்ல பக்கத்து பாடம் ஒன்னு கட்டுப்பாடா நிக்குது.

பழைய ஏற்பாட்டுல எனக்கு அனுபவம் கம்மி, அதனால அடக்கியே சொல்றேன். சங்கீதத்துக்கு ஹெர்மன் குங்கெல் காட்டுன ஃபார்ம் முறை நல்லா வேலை செய்யுது, புலம்பல், துதின்னு வடிவம் கண்ணு முன்னாடியே இருக்கு, சங்கீதம் 13 ஆறே வசனத்துல புலம்பல்ல ஆரம்பிச்சு நம்பிக்கையில முடியுறத யாரும் பாத்துடலாம். ஆனா சாமுவேல், ராஜாக்கள் கதைய திரும்ப சொல்ற நாளாகமம் வந்தா மறுபடி ரெடாக்‌ஷன். 2 சாமுவேல் 24ல கர்த்தரோட கோபம்தான் தாவீத ஜனத்தோட தொகைய எண்ண ஏவுது, 1 நாளாகமம் 21ல சாத்தான் ஏவுறான். தாவீது பத்சேபாள் விஷயத்துல செஞ்ச பாவம் நாளாகமத்துல மொத்தமா இல்ல.

இப்படி படிச்சா விசுவாசம் போயிடுமேன்னு ஒரு அக்கா ரொம்ப கவலையா கேட்டாங்க, அந்த பயம் நியாயமானது. ராபர்ட் குண்ட்ரி மத்தேயுவுக்கு இந்த முறையில உரை எழுதுனதுக்காக 1983ல அமெரிக்காவுல ஒரு சுவிசேஷ இறையியல் சங்கத்த விட்டு விலக வேண்டி வந்துச்சு. அதே சமயம் கத்தோலிக்க திருச்சபையோட விவிலிய ஆணையம் 1964லயே, இயேசு சொன்னது, அப்போஸ்தலர் பிரசங்கிச்சது, சுவிசேஷகர் எழுதுனதுன்னு மூணு கட்டத்த ஏத்துக்கிட்டு, எழுதுனவங்க தங்க சபைகளோட தேவைக்கு ஏத்தபடி தேர்ந்தெடுத்தாங்கன்னும் சொல்லுச்சு. நான் அந்த அக்காவுக்கு சொன்னது, மத்தேயு தன் சபைய பாத்து பேசுனாருன்னா வேதம் கொறஞ்சு போகல, நம்மள மாதிரி பயந்த ஒரு கூட்டத்துக்கு மேய்ப்பனா அவர் பேசுறத நாம கேக்குறோம்.

தலித் இறையியல், பெண்ணிய வாசிப்பு எல்லாத்தையும் இந்த போட்டியில சேக்கல, அது யார் எங்கிருந்து வாசிக்கிறாங்கன்னு வேற கேள்விய கேக்குது, ரெண்டையும் ஒரு தராசுல வைக்க முடியாது. அடுத்து யோவான எடுக்குறோம், அங்க பக்கத்துல வச்சு பாக்க இணை கதைகள் கொஞ்சம்தான், அதனால ரெடாக்‌ஷன ஓரமா வச்சுட்டு கல்பெப்பர் வழியிலதான் போகப் போறோம், அப்பத்தையும் கடல்மேல நடந்ததையும் சொல்ற 6ம் அதிகாரம் வரும்போது மட்டும் மாற்க மறுபடி பக்கத்துல தொறப்போம்.