காலேஜ் ஆட்டங்களை ஜெயிப்பது: என்.பி.ஏ. 2கே-யோடு பல வருடப் பழக்கம்

அமெரிக்காவின் என்.பி.ஏ. கூடைப்பந்து லீக்கை வைத்து வரும் என்.பி.ஏ. 2கே என்ற வீடியோ கேம் வரிசையைப் பல வருடமாக ஆடி வருகிறேன். நாமே ஒரு பிளேயரை உருவாக்கி வளர்க்கும் மைகேரியர் பகுதியில் லீக்குக்குள் போன பிறகு வரும் பெரிய அரங்கம், ஷூ ஒப்பந்தம், ஆல் ஸ்டார் ஆட்டம் எல்லாம் நன்றாகத்தான் இருக்கும். ஆனால் அந்த கேமில் அசல் கூடைப்பந்து இருப்பது அதற்கு முன்னால் வரும் காலேஜ் ஆட்டங்களில்தான் என்பது என் உறுதியான கருத்து. சேலத்தில் என்னோடு ஆடும் நண்பர்களில் பாதிப் பேர் இதை ஒத்துக்கொள்வதில்லை. "காலேஜ்ல தோத்துக்கிட்டே இருக்கேன், எப்படா டிராஃப்ட் வரும்னு இருக்கு" என்பதுதான் அவர்கள் புலம்பல். டிராஃப்ட் என்பது என்.பி.ஏ. அணிகள் புது வீரர்களை வரிசையாகத் தேர்ந்தெடுக்கும் நிகழ்ச்சி. அவர்களுக்காகவும்தான் இதை எழுதுகிறேன்.

எந்தெந்தப் பதிப்பு என்று முதலில் சொல்லிவிடுகிறேன். 2015 செப்டம்பரில் வந்த 2கே16-ல் பள்ளி, காலேஜ், டிராஃப்ட் என்று கதை போகும். 2016 செப்டம்பரில் வந்த 2கே17-ல் காலேஜ் பகுதிக்கு இன்னும் கனம் கூடியது. முழு கேம் வெளியாவதற்குச் சில நாட்கள் முன்பே "பிரிலூட்" என்று ஓர் இலவச முன்னோட்டம் கன்சோல்களில் கிடைத்தது. அதிலேயே பிளேயரை உருவாக்கி, காலேஜைத் தேர்ந்தெடுத்து ஆடிவிட்டு, அதே பிளேயரை முழு கேமுக்குக் கொண்டுபோகலாம். அப்புறம் 2கே21. 2021 மே மாதம் எபிக் ஸ்டோர் என்ற கேம் தளத்தில் ஒரு வாரம் இலவசமாகக் கொடுத்தார்கள். அது கொரோனா இரண்டாம் அலை நேரம். ஐந்து ரோடே ஆள் நடமாட்டம் இல்லாமல் கிடந்தது. கேமுக்கு 80 ஜிபி இடம் வேண்டும் என்பதால் ராத்திரி டவுன்லோடு போட்டுவிட்டுத் தூங்கப் போனவர்கள் எங்கள் வட்டத்தில் பலர். கூடைப்பந்து கேம் பக்கமே வராத கிரிக்கெட் பையன்கள்கூட அப்போதுதான் உள்ளே வந்தார்கள்.

கதையில் காலேஜ் ஏன் வருகிறது என்பதற்கு நிஜத்தில் ஒரு காரணம் இருக்கிறது. 2005-ல் லீக்கும் வீரர் சங்கமும் போட்ட ஒப்பந்தத்தால், 2006 டிராஃப்ட்டிலிருந்து, அது நடக்கும் ஆண்டுக்குள் 19 வயது ஆகாதவர் உள்ளே வர முடியாது. அமெரிக்காவில் படித்தவர் என்றால் பள்ளி முடித்து ஓர் ஆண்டாவது போயிருக்க வேண்டும். அந்த ஓர் ஆண்டைக் கழிக்கப் பெரும்பாலானவர்கள் போகிற இடம் காலேஜ். வேறு வழியிலும் போகலாம். பஞ்சாபிலிருந்து போன சத்னம் சிங் காலேஜில் ஆடாமலே 2015-ல் டல்லஸ் மேவரிக்ஸ் அணிக்கு 52-வது ஆளாகத் தேர்வானார். இந்தியாவில் பிறந்து என்.பி.ஏ. டிராஃப்ட்டில் எடுக்கப்பட்ட முதல் வீரர் அவர்தான். இந்திய வம்சாவளியில் முதன்முதலில் என்.பி.ஏ. ஆட்டத்தில் இறங்கிய சிம் புல்லரோ நியூ மெக்ஸிகோ ஸ்டேட் காலேஜில் ஆடிவிட்டு வந்தவர். அவர் சாக்ரமென்டோ கிங்ஸ் சட்டையில் களமிறங்கியதும் அதே 2015-ல்தான். இந்த இரண்டு பேரையும் மனதில் வைத்துக்கொண்டு ஆடினால் காலேஜ் பகுதி வெறும் முன்னுரையாகத் தெரியாது.

சரி, ஏன் தோற்கிறார்கள்? பிளேயர் பலவீனமாக இருப்பதால் என்று எல்லோரும் சொல்வார்கள். அது உண்மைதான். 2கே21-ல் தொடங்கும்போது பிளேயரின் திறனுக்கு கேம் தரும் மதிப்பு 60-ஐ ஒட்டித்தான் இருக்கும். ஓட்டம் மந்தம். கொஞ்சம் ஸ்பிரின்ட் அடித்தால் சக்திப் பட்டை இறங்கிவிடும். மூச்சு வாங்கும் பிளேயர் போடும் ஷாட் விளிம்பில் பட்டுத் தெறிக்கும். ஆனால் தோல்விக்கு அது மட்டும் காரணம் இல்லை. அந்த 60-ஐ வைத்துக்கொண்டு 90 போல ஆட நினைப்பதுதான் பெரிய காரணம். கேம் தொடங்கியதுமே கதை நம்மை நாயகன் என்று சொல்லிவிடுகிறது. உடனே பந்தைக் கேட்டு வாங்கி, மூன்று பேர் நடுவில் புகுந்து, கை நீட்டிக்கொண்டு நிற்கிறவன் முகத்துக்கு நேராக ஷாட் போடத் தோன்றும். பந்தை எப்போது விட வேண்டும் என்று காட்டும் ஷாட் மீட்டர் எவ்வளவு சரியாக நின்றாலும் ஆள் மறித்து நிற்கும்போது அந்த மதிப்புக்குப் பந்து பெரும்பாலும் உள்ளே போகாது.

என் சித்தி பையன் ஏற்காட்டில் ஹாஸ்டலில் தங்கிப் படிக்கிறான். பள்ளி அணியில் நிஜமாகவே ஆடுகிறவன். லீவுக்குக் கீழே வந்தால் எங்கள் வீட்டில்தான் இருப்பான். தட்டுவடை செட் ஒரு கையில், கன்ட்ரோலர் மறு கையில். ஒரு தடவை "பந்து எனக்கு வரவே மாட்டேங்குதுண்ணா" என்றான். அவன் ஆட்டத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தேன். ஒவ்வொரு தடவையும் பந்து வைத்திருக்கிறவனுக்குப் பக்கத்திலேயே போய் நின்று, பந்தைக் கேட்கும் பொத்தானை விடாமல் அழுத்திக்கொண்டிருந்தான். "கோர்ட்ல இப்படித்தான் நிப்பியாடா?" என்று கேட்டேன். ஒரு நொடி யோசித்தான். அப்புறம் கார்னருக்குப் போய் நின்றான். பந்து தானாக வந்தது.

இந்த இடத்தில் டீம்மேட் கிரேடு பற்றிச் சொல்ல வேண்டும். திரையில் எஃப்-பில் இருந்து ஏ பிளஸ் வரை ஏறி இறங்கும் அந்த எழுத்தை நிறையப் பேர் கண்டுகொள்வதில்லை. என் அனுபவத்தில் அதுதான் நல்ல கோச். அசிஸ்ட், அதாவது இன்னொருவன் புள்ளி எடுக்க வைக்கும் பாஸ், கொடுத்தால் ஏறும். நல்ல ஸ்கிரீன் போட்டால், அதாவது எதிராளியின் வழியில் அசையாமல் நின்று நம் ஆளுக்கு வழி உண்டாக்கினால், ஏறும். நல்ல இடத்தில் நின்று ஷாட் எடுத்தால், அது உள்ளே போகாவிட்டாலும், முயற்சி சரிதான் என்று ஏற்றுக்கொள்ளும். மோசமான ஷாட் எடுத்தால் இறங்கும். நமக்கு ஒதுக்கிய ஆளை விட்டுவிட்டுப் பந்தைத் துரத்திப் போனால் இறங்கும். காலேஜ் ஆட்டத்தில் அதை பி-க்குக் கீழே விடாமல் வைத்திருந்தால் ஸ்கோர் பலகை பெரும்பாலும் நம் பக்கம்தான் இருக்கும். தனி ஆளாக இருபது புள்ளி அடித்துத் தோற்பதையும் பார்த்திருக்கிறேன், ஒற்றை இலக்கத்தில் அடித்து நிம்மதியாக ஜெயிப்பதையும் பார்த்திருக்கிறேன். இரண்டாவது வகை ஆட்டம்தான் எனக்கு இன்றும் பிடிக்கிறது.

ஜெயிப்பது தொடங்குவது டிஃபென்ஸில். இதில் எனக்குச் சந்தேகமே இல்லை. நம் ஆளுக்கும் வளையத்துக்கும் நடுவில் எப்போதும் நிற்க வேண்டும். பிளேஸ்டேஷன் கன்ட்ரோலரில் எல்2-வை அழுத்திப் பிடித்தால் பிளேயர் காலை அகட்டித் தாழ்ந்து நிற்பான். அந்த நிலையிலேயே ஆளோடு நகர வேண்டும். அவன் ஷாட்டுக்கு எழும்பும்போது வலது ஸ்டிக்கை மேலே தள்ளி கையை உயர்த்தினால் போதும். குதிக்கத் தேவையில்லை. ஸ்டீல் பொத்தானைத் தொடாமல் இருப்பதே நல்லது. கையை விட்டால் ஃபவுல், ஃபவுல் சேர்ந்தால் பெஞ்சு. நிஜ காலேஜ் கூடைப்பந்தில் ஐந்தாவது ஃபவுலில் வெளியே போக வேண்டும், என்.பி.ஏ.-வில்தான் ஆறு. நம் ஊர் மைதானத்தில் ஆடுகிறவர்களுக்கு இது பழகிய கணக்கு. சர்வதேச விதியிலும் ஐந்துதான்.

நம் ஊர்க்காரர்களுக்குப் பழகிய இன்னொரு விஷயமும் உண்டு. அமெரிக்க ஆண்கள் காலேஜ் ஆட்டத்தில் மூன்று புள்ளிக் கோட்டை 2019-20 பருவத்திலிருந்து சர்வதேச தூரமான 6.75 மீட்டருக்குத் தள்ளி வைத்தார்கள். என்.பி.ஏ. கோடு உச்சியில் 7.24 மீட்டர். அஸ்தம்பட்டிப் பக்கத்துக் கோர்ட்டிலோ ஏற்காட்டு மலைப் பள்ளிக் கோர்ட்டிலோ பையன்கள் பழகும் தூரமும் அந்த 6.75 தான். சித்தி பையனிடம் இதைச் சொன்னபோது அவன் முகத்தில் வந்த வெளிச்சத்தைப் பார்க்க வேண்டுமே! அவன் மலை மேல் காலையில் போடும் அதே ஷாட்டைத்தான் அங்கேயும் போடுகிறார்கள்.

அட்டாக்கில் நான் மிகவும் நம்புவது ஸ்கிரீன். நம் பிளேயர் பந்தை நடத்திக்கொண்டு போகும் பாயிண்ட் கார்டு என்றால் எல்1-ஐ அழுத்திப் பிடித்து, வளையத்தடியில் ஆடும் உயரமான சென்டரை ஸ்கிரீனுக்குக் கூப்பிடலாம். அவன் வந்து நின்றதும் அவன் தோளை உரசிக்கொண்டு போனால், எதிரணியில் இரண்டு பேர் நம்மைத் துரத்த வேண்டியிருக்கும். அப்போது ஸ்கிரீன் போட்டவன் வளையத்தை நோக்கி ஓடுவான். ஆர்1-ஐத் தட்டினால் ஒவ்வொருவன் தலைக்கு மேலும் ஒரு பொத்தான் படம் வரும். அவனுடைய பொத்தானை அழுத்தினால் பந்து நேராக அவனிடம் போகும். இந்த ஒன்றை மட்டும் திரும்பத் திரும்பச் செய்து காலேஜ் ஆட்டங்களைத் தாண்டிவிடலாம். கார்னரில் இருப்பவனை மறைக்கிறவன் உதவிக்கு உள்ளே ஓடி வந்தால் பந்தைக் கார்னருக்கு எறியுங்கள். எதிரணியின் ஒவ்வொரு முடிவுக்கும் ஒரு பதில் இருக்கிறது. அதைக் கண்டுபிடிக்கும் அந்த அரை நொடிக்காகத்தான் நான் இந்த கேமை விடாமல் ஆடுகிறேன்.

வேகம் இன்னொரு விஷயம். என்.பி.ஏ.-வில் ஒரு அட்டாக்குக்கு 24 வினாடி, காலேஜில் 30. அங்கே ஆட்டம் 12 நிமிடக் குவார்ட்டர்கள் நான்கு, இங்கே 20 நிமிடப் பாதிகள் இரண்டு. காலேஜ் ஆட்டத்தின் இந்த நிதானத்தை நம் ஆட்டத்திலும் கொண்டுவர வேண்டும். ஏற்காட்டு மலைப்பாதையின் இருபது கொண்டை ஊசி வளைவையும் டாப் கியரில் ஏற முடியாதல்லவா, அதுபோலத்தான் இதுவும். முன்னிலையில் இருக்கும்போது அவசரப்படாமல், நல்ல ஷாட் கிடைக்கும்வரை பந்தைச் சுற்றவிட வேண்டும். உள்ளே போகாமல் தெறிக்கும் பந்தைப் பிடித்து ரீபவுண்டு எடுத்ததும் எதிரணி திரும்புவதற்குள் ஓடும் ஃபாஸ்ட் பிரேக் மட்டும் விதிவிலக்கு. அங்கே ஓடியே ஆக வேண்டும். ஆர்2 அதற்காகத்தான் இருக்கிறது.

எந்தக் காலேஜ் என்பதில் ரொம்ப யோசிக்க வேண்டாம். ஆனால் பின்னணி தெரிந்தால் ஆட ஆசை கூடும். 2கே21-ல் நிஜக் காலேஜ்கள் பத்து உண்டு. 1979-ல் மேஜிக் ஜான்சன் சாம்பியன் ஆக்கிய மிஷிகன் ஸ்டேட், 2003-ல் கார்மெலோ ஆந்தனி முதல் வருடத்திலேயே கோப்பை வாங்கிக் கொடுத்த சிரக்யூஸ், ஜான் வுடன் பயிற்சியில் பத்துப் பட்டம் வென்ற யு.சி.எல்.ஏ., 2016 இறுதியாட்டத்தைக் கடைசி நொடி மூன்று புள்ளியில் வென்ற வில்லனோவா எல்லாம் அதில் இருக்கின்றன. அந்த கேமின் அட்டைப்படத்தில் இருந்த டேமியன் லில்லர்டோ வீபர் ஸ்டேட் என்ற சிறிய காலேஜில் நான்கு வருடம் ஆடிவிட்டு 2012-ல் ஆறாவது ஆளாகத் தேர்வானவர். பெரிய பெயர் இல்லாத இடத்திலிருந்தும் வரலாம் என்பதற்கு அவரைவிட நல்ல சாட்சி வேண்டுமா?

டி.வி.யில் ஆடுகிறவர்கள் அதன் செட்டிங்ஸில் கேம் மோடை ஆன் செய்துகொள்ளுங்கள். படத்தை அழகுபடுத்த டி.வி. எடுத்துக்கொள்ளும் நேரம் ஷாட் மீட்டரின் கணக்கைக் கெடுத்துவிடும். முதல் சில ஆட்டங்களுக்குக் கடின அளவை ஒருபடி குறைத்து வைப்பதிலும் தவறில்லை. கை பழகியதும் ஏற்றிக்கொள்ளலாம்.

எனக்குப் பிடிக்காததையும் சொல்லிவிடுகிறேன். பிளேயரை வளர்க்க வேண்டிய வி.சி. என்ற கேம் காசை ஆடியும் சேர்க்கலாம், நிஜக் காசு கொடுத்தும் வாங்கலாம். பள்ளிக்கூடப் பையன்கள் ஆடும் கேமில் இந்த இரண்டாவது வழி இருக்கவே கூடாது என்று நினைக்கிறேன். காலேஜ் ஆட்டங்களுக்கு அது தேவையே இல்லை. அந்தக் கட்டத்தில் சும்மா கிடைப்பதை வைத்தே ஜெயிக்கலாம். இன்னொரு குறை, இந்த கேம்களின் ஆயுள். 2கே21 சர்வர்களை 2022 டிசம்பர் 31-ல் மூடினார்கள். ஆன்லைனில் வளர்த்த பிளேயர் அதோடு போய்விட்டான். இத்தனை மணி நேரம் ஒருவர் உழைத்து உருவாக்கியதை ஒரு தேதி போட்டு அணைப்பது நியாயமில்லை. அதனால் இப்போது நான் 2கே17-ஐ ஆஃப்லைனில்தான் ஆடுகிறேன். ஏற்காட்டில் மழைக்காலத்தில் கரண்டும் நெட்டும் போய்ப் போய் வருவதால் சித்தி பையனுக்கும் ஆஃப்லைன்தான் தோது.

புதிதாகத் தொடங்குகிறவர்களுக்கு, 2கே17-ல் கிளாஸ் கிளீனர் வகை சென்டரை எடுக்கச் சொல்வேன். ரீபவுண்டு எடுப்பான், ஸ்கிரீன் போடுவான், வளையத்தடியில் கிடைப்பதை உள்ளே போடுவான். ஷாட் மீட்டரோடு மல்லுக்கட்ட வேண்டியதில்லை. பந்தைக் கையில் வைத்து ஆட ஆசை இருந்தால் பிளேமேக்கர் வகைப் பாயிண்ட் கார்டு. தூரத்து ஷாட்டை நம்பி ஆடும் ஷார்ப்ஷூட்டரைக் கொஞ்ச நாளைக்கு ஒத்திப் போடுங்கள். டிராஃப்ட்டில் முன்னால் வர ஆடுகிறவர்களும் இதையேதான் செய்ய வேண்டும். ஒன்றிரண்டு ஆட்டத்தில் தோற்றாலும் கதை நிற்காது, அடுத்த ஆட்டத்துக்குப் போய்விடலாம். சித்தி பையன் அடுத்த லீவுக்குச் சென்டரை எடுப்பதாகச் சொல்லியிருக்கிறான். நான் கார்டு.