யுனிசெஃப்பின் ‘ஸ்கூல் இன் எ பாக்ஸ்’: முகாமில் வகுப்பெடுத்த அனுபவத்திலிருந்து

போரில் வீடிழந்து வந்த பிள்ளைகளுக்கு முகாமில் வகுப்பு தொடங்கப் போகிறீர்களா, முதலில் ஐ.நா.வின் குழந்தைகள் அமைப்பான யுனிசெஃப் தரும் இந்தப் பள்ளிச் சாமான் பெட்டிக்கு ஏற்பாடு செய்யுங்கள். ஒரு ஆசிரியர், 40 பிள்ளைகள், சுமார் மூன்று மாதம், இதுதான் கணக்கு. 1990-களில் ஆப்பிரிக்க நாடான ருவாண்டாவில் இனப்படுகொலை நடந்து மக்கள் அகதிகளான நெருக்கடியின்போது பயன்பாட்டுக்கு வந்தது. உள்ளே நோட்டு, பென்சில், ரப்பர், சாக்பீஸ், கத்தரிக்கோல், எண்ணிப் பழகச் சின்னக் கட்டைகள், முள்ளைத் திருப்பி மணி பார்க்கப் பழக்கும் மரக் கடிகாரம் எல்லாம் இருக்கும். கூடவே வரும் பெயிண்டை மூடியில் அடித்தால் அதுவே கரும்பலகை. மரத்தடி கிடைத்தாலும் போதும், பள்ளிக்கூடம் தயார்.

எனக்கு ரொம்பப் பிடித்தது அந்த நோட்டுதான். மார்ஜின் கோடே கிடையாது, அதனால் அரபி மாதிரி வலமிருந்து எழுதுகிற பிள்ளையும் இடமிருந்து எழுதுகிற பிள்ளையும் ஒரே மாதிரி நோட்டை வைத்துக்கொள்ளலாம். யாரோ உட்கார்ந்து அக்கறையாக யோசித்திருக்கிறார்கள்.

ஆனால் முகாமில் பிள்ளைகளின் பொழுது பாதி வரிசையிலேயே போய்விடும், தண்ணீருக்கு ஒன்று, ரேஷனுக்கு ஒன்று, அதிலும் பெண் பிள்ளைகள்தான் அதிகம் நிற்பார்கள், நின்றுவிட்டு தம்பியையோ தங்கையையோ இடுப்பில் தூக்கிக்கொண்டு பாதி வகுப்பில் வருவார்கள், குழந்தை அழுதால் எழுந்து போய்விடுவார்கள். அந்தக் குழந்தைக்கு இந்தப் பெட்டியில் ஒன்றும் இல்லை. சின்னக் குழந்தைகளுக்கென்று யுனிசெஃப்பிடமே தனிப் பெட்டி இருக்கிறது, அதையும் சேர்த்துக் கேளுங்கள், அக்காக்கள் படிக்க அதுதான் வழி.

என் பெரிய குறை வளர்ந்த பிள்ளைகளைப் பற்றியது. இது ஆரம்பப் பள்ளிக்கான சாமான். இரண்டு மூன்று வருடப் படிப்பு விட்டுப்போன 13 வயதுப் பையனை ஏழு வயதுப் பிள்ளைகளோடு உட்கார வைத்துக் கட்டையை எண்ணச் சொன்னால் அவன் மறுநாள் வரமாட்டான், கூலி வேலைக்குப் போய்விடுவான். பெற்றோர்களும் இங்கே படித்தால் சான்றிதழ் கிடைக்குமா என்றுதான் முதலில் கேட்பார்கள். அதற்குப் பெட்டியில் பதில் இல்லை, அந்த நாட்டுக் கல்வித்துறைதான் சொல்ல வேண்டும்.

அப்புறம் அந்த மூன்று மாதக் கணக்கு. உலக அகதிகளில் பாதிக்கு மேற்பட்டவர்கள் 5 வருடங்களுக்கும் மேலாக ஊர் திரும்ப முடியாமல் இருக்கிறார்கள். நோட்டு தீர்ந்துவிடுமோ என்ற பயத்தில் பிள்ளைகள் பக்கத்தின் மூலையில் பொடிப்பொடியாக எழுதுவார்கள், தாராளமாக எழுது கண்ணு என்று சொல்ல நம் கையிலும் நோட்டு இருக்க வேண்டுமே. தீர்ந்ததை நிரப்பத் தனிப் பெட்டி உண்டு, முதல் பெட்டி வந்த அன்றைக்கே அதற்கும் எழுதிப் போட்டுவிடுங்கள்.