கீசர்: 15 லிட்டரா, 25 லிட்டரா, 3 லிட்டர் இன்ஸ்டன்ட்டா?

கடைக்காரர் முதலில் கேட்பது, வீட்டில் எத்தனை பேர் என்று. நாலு பேர் என்றதும் 25 லிட்டரைக் காட்டுவார். கேட்க வேண்டியது அதுவல்ல: குளிப்பது வாளியிலா ஷவரிலா, குழாயில் வரும் தண்ணீர் எவ்வளவு சில்லென்று இருக்கும்.

15 லிட்டர், 2 கிலோவாட் கீசரை எடுத்துக்கொள்வோம். 25 டிகிரியில் வரும் தண்ணீர் 60 டிகிரியைத் தொட ஏறக்குறைய 18 நிமிடம், 0.6 யூனிட் கரன்ட். 20 லிட்டர் வாளியை 40 டிகிரிக்கு விளாவ, டேங்கிலிருந்து எட்டரை லிட்டர் வெந்நீர் போதும். அது மறுபடி சூடாகப் பத்து நிமிடம். ஒருவர் குளித்துத் தலை துவட்டுவதற்குள் அடுத்தவருக்கு ரெடி. சென்னையிலோ மதுரையிலோ வாளியில் குளிக்கும் நாலு பேருக்கு இது தாராளம். 25 லிட்டர் வாங்கினால், மிச்சத்தைத் தினமும் சும்மா சூடாக்கி ஆறவிடுவதுதான் நடக்கும்.

ஊட்டி வேறு. தண்ணீர் 12 டிகிரியில் வந்தால் அதே வாளிக்குப் பன்னிரண்டு லிட்டர் வெந்நீர் வேண்டும், மறுபடி சூடாக 20 நிமிடம். அங்கே 25 லிட்டரே சரி. ஷவர் வீட்டுக்கும் அதுதான்: நிமிடத்துக்கு 8 லிட்டர் கொட்டும் ஷவரில் எட்டு நிமிடம் நின்றால் சென்னையிலேயே 27 லிட்டர் வெந்நீர் போய்விடும். 25 லிட்டரே இழுபறிதான், குழாயை அளவாகத் திறக்க வேண்டும்.

3 லிட்டர், 3 கிலோவாட் இன்ஸ்டன்ட் சமையலறை சிங்குக்கு அருமையான சாதனம். குளியலறையில் வாளி நிரம்ப ஏழு நிமிடம் ஆகும். அதில் ஷவரை முழுதாகத் திறந்தால் ஐந்து டிகிரிதான் ஏறும், அதற்குப் பச்சைத் தண்ணீரே மேல்.

வயரிங்கில்தான் பலர் கோட்டை விடுகிறார்கள். 2 கிலோவாட் கிட்டத்தட்ட 9 ஆம்பியர் இழுக்கும், 3 கிலோவாட் 13. சாதாரண 6 ஆம்பியர் பிளக்கில் மாட்டினால் சாக்கெட் கருகும். 16 ஆம்பியர் பவர் பிளக், 2.5 சதுர மி.மீ. செம்பு வயர், 3 கிலோவாட்டுக்கு 4 சதுர மி.மீ., சரியான எர்த். இதில் சிக்கனம் வேண்டாம்.

போர் தண்ணீர் வீடுகளில் எலிமென்ட் (தண்ணீரைச் சூடாக்கும் கம்பி) மேல் உப்புப் படியும். சூடாகும்போது உள்ளே மணல் வறுப்பதுபோல் சத்தம் வந்தால் அதுதான். சூடு தண்ணீருக்குப் போக வழியில்லாமல் எலிமென்ட்டே காய்ந்து எரிந்துவிடும். சர்வீஸின்போது, டேங்குக்குப் பதிலாகத் தான் கரைந்து அதைத் துருவிலிருந்து காக்கும் மக்னீசியம் ஆனோடு கம்பியையும் கழற்றிப் பார்க்கச் சொல்லுங்கள். அது கரைந்து தீர்ந்தபின் துரு டேங்கைத் தின்ன ஆரம்பிக்கும்.

தண்ணீர் சூடாகும்போது சேஃப்டி வால்வ் சொட்டினால் பயப்படாதீர்கள், சூட்டில் விரியும் தண்ணீர் வெளியேற வழி அதுதான். எம்-சீல் வைத்து அடைப்பது மட்டும் கூடவே கூடாது. கீசர் அணைந்திருக்கும்போதும் நாள் முழுக்கச் சொட்டினால் வால்வில் தூசி சிக்கியிருக்கும், இல்லையென்றால் லைனில் பிரஷர் அதிகம். அடுக்குமாடியிலும் பிரஷர் பம்ப் உள்ள வீட்டிலும் டேங்கில் 8 பார் (அது தாங்கும் பிரஷரின் அளவு) என்று போட்டிருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள்.