பழைய கேம் இறுவட்டுகளைக் கடையில் கொடுக்கும் முன் வாசியுங்கள்: என்னுடைய 24,500 ரூபாய் போன விதம்

நேற்று மாலை, மட்டக்களப்பு நகரிலுள்ள ஒரு கணினி திருத்தும் கடையிலிருந்து நான்காவது தடவையாக வெறுங்கையோடு திரும்பி வந்தேன். அந்தக் கடைக்கு நான் கொடுத்தது 24,500 ரூபாய். அதற்குக் கிடைத்தது, திறந்தாலும் ஓடாத கோப்புகள் நிறைந்த ஒரு ஹார்ட் டிஸ்க்கும், கொண்டுபோன பதினொரு இறுவட்டுகளில் ஒன்பதும். கடையின் பெயரை இங்கே எழுதவில்லை. ஆனால் இதே வேலையை இதே பேச்சோடு செய்து தருவதாகச் சொல்பவர்கள் கல்முனையிலும் அக்கரைப்பற்றிலும்கூட இருக்கலாம் என்பதால், கோபம் ஆறுவதற்கு முன்பே எழுதிவிடுகிறேன்.

அந்த இறுவட்டுகள் என் அண்ணனுடையவை. அவர் 2003 முதல் 2007 வரை துபாயில் வேலை செய்தார். விடுமுறையில் வரும்போதெல்லாம் ஒன்றிரண்டு கணினி விளையாட்டுகளை அட்டைப் பெட்டியோடு, கையேட்டோடு, அசலாக வாங்கி வருவார். முதலில் கொண்டுவந்தவை 2004 டிசம்பரில் கல்லடியில் எங்கள் வீட்டுக்குள் கடல் வந்தபோது வீட்டுச் சாமான்களோடு போய்விட்டன. மிஞ்சியிருப்பவை எல்லாம் அதற்குப் பிறகு வாங்கியவை. இப்போது அண்ணன் கனடாவில் இருக்கிறார். வரும் ஓகஸ்டில் பத்து வயது மகனோடு வருகிறார். அப்பாவும் மகனும் ஒரே கணினியின் முன் அமர்ந்து அந்த விளையாட்டுகளை விளையாட வேண்டும் என்று நான் ஆசைப்பட்டேன். என் மடிக்கணினியில் இறுவட்டுப் போடும் இடமே இல்லை. ஆகவே இறுவட்டுகளை இமேஜ் கோப்புகளாக, அதாவது இறுவட்டில் இருப்பதை அப்படியே கணினிக் கோப்பில் அடக்கிய பிரதிகளாக, மாற்றி வைத்துக்கொண்டால் போதும் என்று கேள்விப்பட்டு அந்தக் கடைக்குப் போனேன்.

நான் நம்பிய கணம் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. கடையில் இருந்தவர் ஓர் இறுவட்டை விளிம்பிலும் நடுத்துளையிலும் மட்டும் விரல் படும்படி எடுத்து, ஒரு மெல்லிய துணியால் நடுவிலிருந்து விளிம்பை நோக்கி நேர்கோடாகத் துடைத்தார். வட்டமாகத் துடைத்தால் தகவல் பதிந்திருக்கும் தடத்தின் போக்கிலேயே கீறல் விழும், அதனால்தான் இப்படித் துடைக்க வேண்டும் என்று அண்ணன் சிறுவயதில் எனக்குச் சொல்லித் தந்திருக்கிறார். அதே முறையை இன்னொருவர் கையில் கண்டபோது, இவர் தொழில் தெரிந்தவர் என்று மனம் முடிவு கட்டிவிட்டது. "எல்லாத்தையும் ஐஎஸ்ஓ ஆக்கித் தாறன் அக்கா, டபுள் கிளிக் பண்ணினாச் சரி, ஒண்டுக்கும் யோசிக்காதீங்க" என்றார். ஐஎஸ்ஓ என்பது இமேஜ் கோப்பில் ஒரு வகை. இறுவட்டு ஒன்றுக்கு 1,000 ரூபாய்ப்படி 11,000 ரூபாய், கோப்புகளைப் போட்டுத் தரும் புதிய வெளி ஹார்ட் டிஸ்க்குக்கு 13,500 ரூபாய், ஆக மொத்தம் 24,500 ரூபாய். முழுவதையும் முற்பணமாகவே கேட்டார், கொடுத்தேன். பற்றுச்சீட்டுக்குப் பதிலாக ஒரு துண்டுத்தாளில் "சீடி 11, எச்டி 1, 24,500" என்று எழுதித் தந்தார். அதில் கடையின் முத்திரையும் இல்லை, திகதியும் இல்லை. அந்த நேரத்தில் அது எனக்கு ஒரு குறையாகவே படவில்லை.

மூன்று நாளில் தருவதாகச் சொன்னவர் பதினாறாம் நாள் தந்தார். வீட்டுக்கு வந்து பார்த்தால் ஒன்றுகூட ஒழுங்காக இல்லை. வந்தாறுமூலையில் கிழக்குப் பல்கலைக்கழகத்தில் படிக்கும் பக்கத்து வீட்டுத் தம்பி இரண்டு இரவுகள் என்னோடு உட்கார்ந்து ஒவ்வொன்றாகப் பார்த்தார். அவர் காட்டியவற்றைச் சற்று விரிவாகவே சொல்கிறேன், ஏனென்றால் ஏமாற்று முழுவதும் அங்கேதான் இருக்கிறது.

வைஸ் சிட்டி என்ற விளையாட்டு கணினிக்கு 2003இல் இரண்டு இறுவட்டுகளில் வந்தது. ஒன்று நிறுவுவதற்கு, மற்றையது விளையாடுவதற்கு. எனக்குத் தந்த ஹார்ட் டிஸ்க்கில் ஒன்று, இரண்டு என்று பெயரிட்ட இரு கோப்புகள் இருந்தன. நிறுவும்போது பாதியில் இரண்டாவது இறுவட்டைக் கேட்டது. இரண்டாவது கோப்பைத் திறந்து கொடுத்தோம். மறுபடியும் அதையே கேட்டது. அப்போது தம்பி இரு கோப்புகளின் அளவையும் பார்க்கச் சொன்னார். கடைசி பைட் வரை ஒரே அளவு. விண்டோஸிலேயே இருக்கும் ஒரு கட்டளையால் இரண்டுக்கும் ஹாஷ் எண் எடுத்தார். கோப்பின் உள்ளடக்கத்தை வைத்துக் கணக்கிடும், கைரேகை போன்ற எண் அது. இரண்டு நீண்ட எண்களும் எழுத்துக்கு எழுத்து ஒன்றாக இருந்தன. முதல் இறுவட்டின் கோப்பைப் பிரதி எடுத்து, பெயரை மட்டும் மாற்றி, இரண்டாவது என்று வைத்திருக்கிறார்கள். அதற்கும் என்னிடம் 1,000 ரூபாய் வாங்கியிருக்கிறார்கள்.

1996இல் வந்த டூம் ரைடரில் இசை, சாதாரணப் பாட்டுச் சீடியில் இருப்பது போல, தனித் தடங்களாகப் பதிந்திருக்கும். ஐஎஸ்ஓ கோப்பில் தரவுத் தடம் மட்டுமே வரும், பாட்டுத் தடங்கள் வராது. அவற்றையும் சேர்த்து எடுக்க வேண்டுமானால் பின், கியூ என்ற இரட்டைக் கோப்பாக எடுக்க வேண்டும். எல்லாவற்றையும் ஐஎஸ்ஓ ஆக்கித் தருவதாக அவர் சொன்ன வாக்கிலேயே பிழை இருந்திருக்கிறது. அந்த விளையாட்டின் இசை என் கோப்பில் இல்லவே இல்லை.

இன்னொரு கோப்பு 212 எம்பியில் முடிந்திருந்தது. தம்பி தன்னுடைய யுஎஸ்பி டிவிடி டிரைவில் அதன் அசல் இறுவட்டைப் போட்டார். 640 எம்பிக்கு மேல் காட்டியது. பாதியில் நின்றுபோனதை அப்படியே முடிந்ததாகத் தந்திருக்கிறார்கள். அதே இறுவட்டைத் தம்பி கால் மணி நேரத்துக்குள் ஒரு பிழையும் இல்லாமல் முழுதாக எடுத்தார். வேறொரு கோப்பைத் திறந்தபோது நிறுவல் திரை ரஷ்ய மொழியில் வந்தது. விண்டோஸின் வைரஸ் காவல் உடனே சிவப்பு எச்சரிக்கை காட்டியது. அண்ணனின் இறுவட்டில் ரஷ்ய மொழி இல்லை. எங்கிருந்தோ இறக்கிய கோப்பு அது.

"புதிய" ஹார்ட் டிஸ்க்கைப் பற்றியும் சொல்ல வேண்டும். டிஸ்க்கின் உடல்நிலையைக் காட்டும் ஓர் இலவச மென்பொருளில் பார்த்தபோது, அது இதுவரை ஓடிய நேரம் 21,000 மணித்தியாலங்களுக்கு மேல் என்று இருந்தது. இரண்டு வருடங்களுக்கும் கூடுதலாக இரவுபகல் ஓடிய அளவு. பழைய மடிக்கணினியின் டிஸ்க்கைக் கழற்றிப் புதிய பிளாஸ்டிக் உறைக்குள் போட்டு 13,500 ரூபாய்க்கு விற்றிருக்கிறார்கள்.

இவை எல்லாவற்றையும்விட எனக்குத் தாங்க முடியாதது இறுவட்டுகளுக்குச் செய்ததுதான். அடையாளத்துக்காக ஒவ்வொன்றின் படம் அச்சிட்ட பக்கத்திலும் குமிழ்முனைப் பேனாவால் அழுத்தி இலக்கம் எழுதியிருக்கிறார்கள். சீடியில் தரவுப் படலம் அந்தப் பக்கத்துக்குச் சற்றுக் கீழே, மெல்லிய அரக்குப் பூச்சுக்கு அடியில் இருக்கிறது. அடிப்பக்கத்துக் கீறலையாவது பொலிஷ் செய்து பார்க்கலாம். மேற்பக்கம் நசுங்கினால் அந்த இடத்திலிருந்த தரவு போனது போனதுதான். ஏழு என்று எழுதியிருந்த இறுவட்டை யன்னல் வெளிச்சத்துக்கு நேரே பிடித்துப் பார்த்தேன். அந்த ஏழு, கோடு கோடாக, மறுபக்கம் தெரிந்தது. எந்த டிரைவிலும் இப்போது அது முழுதாக ஏறுவதில்லை. அவ்வளவு பக்குவமாகத் துடைத்துக் காட்டிய அதே கைதான் இதைச் செய்ததா என்று இன்னும் நினைத்துக்கொண்டிருக்கிறேன்.

முதல் தடவை முறையிடப் போனபோது, "உங்கட லெப்டொப்தான் பிழை, விண்டோஸ் பத்தில பழைய கேம் ஓடாது" என்றார். இதில் பாதி உண்மை இருப்பதுதான் ஆத்திரமாக இருக்கிறது. சேஃப்டிஸ்க் என்ற பிரதித் தடுப்பு உள்ள பழைய விளையாட்டுகளுக்கு வேண்டிய டிரைவரை 2015இல் வந்த விண்டோஸ் 10 தன்னுள் சேர்க்கவில்லை, அதனால் அவற்றில் பல அதில் தொடங்காது. ஆனால் அது வேலை செய்பவர் பணம் வாங்குவதற்கு முன் சொல்ல வேண்டிய விடயம் அல்லவா? ஒரே கோப்பை இரண்டு தடவை வைத்ததற்கு விண்டோஸ் எப்படிப் பொறுப்பாகும்? இரண்டாம் தடவை, வேலை செய்த பொடியன் லீவு, வெள்ளிக்கிழமை வாங்க என்றார். வெள்ளிக்கிழமை கடை பூட்டியிருந்தது. அது மூன்றாம் தடவை. வட்ஸ்அப்பில் ஹாஷ் எண்களின் படங்களை அனுப்பினேன். பார்த்ததற்கான நீலக்குறி விழுந்தது, பதில் வரவில்லை. நேற்றுப் போனபோது, முதல் நாள் "அக்கா" என்றவர் "மேடம், பில் இருக்கா?" என்று கேட்டார். துண்டுத்தாளைக் காட்டினேன். "இது எங்கட கடையிர பில் இல்லையே" என்றார். பிறகு, இன்னும் 3,000 ரூபாய் கொடுத்தால் ஒரு பழைய கணினியில் விண்டோஸின் பழைய பதிப்பான எக்ஸ்பியைப் போட்டு எல்லாவற்றையும் ஓட வைத்துத் தருவதாகவும் சொன்னார். 24,500 ரூபாயை வாங்கிக்கொண்டு, அதற்கு மேலும் 3,000!

என்ன செய்யலாம் என்று விரிவாக எழுத நினைத்திருந்தேன். இப்போதைக்கு இவ்வளவுதான் முடிகிறது. இறுவட்டுகளைக் கடையில் விட்டுவிட்டு வராதீர்கள். ஒரு யுஎஸ்பி டிவிடி டிரைவ் இருந்தால் வீட்டிலேயே எடுக்கலாம், அதற்கான மென்பொருள்கள் இலவசமாகவே கிடைக்கின்றன. ஐஎஸ்ஓ கோப்பை விண்டோஸ் 8 முதல் எந்த மென்பொருளும் இல்லாமல் திறக்கலாம். பின், கியூ கோப்புகளுக்கு மட்டும் தனி மென்பொருள் வேண்டும். கொடுத்தே ஆக வேண்டுமானால் ஒவ்வொரு இறுவட்டையும் இரு பக்கமும் படம் எடுத்துவிட்டுக் கொடுங்கள். வாங்கும்போது கோப்புகளின் அளவைக் கடையிலேயே பாருங்கள். ஹார்ட் டிஸ்க்கின் ஓடிய மணித்தியாலங்களையும் பாருங்கள். முத்திரையும் திகதியும் உள்ள பற்றுச்சீட்டு இல்லாமல் ஒரு சதமும் கொடுக்காதீர்கள். நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபையின் இலக்கம் 1977. நான் இன்று காலை அழைத்திருக்கிறேன்.

திரும்பி வராத இரண்டு இறுவட்டுகளில் ஒன்று வைஸ் சிட்டியின் இரண்டாவது இறுவட்டு. அதன் பெட்டி காலியாக என் மேசையில் கிடக்கிறது. அண்ணனிடம் இன்னும் சொல்லவில்லை.